சுருட்டிய ஊரும் துரும்பு கிள்ளிய ஓரகத்திகளும்

வெகு வெகு காலத்துக்கு முன்னால், கழுதைகளுக்குப் பேச வரும், பேசத்தான் பிடிக்கவில்லை என்று மனிதர்கள் நம்பிக்கொண்டிருந்த காலத்தில், கொற்றவள நாட்டின் கிழக்குக் கோடியில், கடலை ஒட்டி அளத்தங்கரை என்று ஓர் ஊர் இருந்தது. மொத்தம் நாற்பது வீடு. நாற்பது வீட்டுக்கும் உப்பளம்தான் பிழைப்பு.

அந்த ஊர்க்காரர்கள் நல்லவர்கள். நல்லவர்கள் என்றால் சண்டை போடமாட்டார்கள் என்று நினைத்துவிடாதீர்கள். நன்றாகவே போடுவார்கள். சண்டை முற்றிவிட்டால் ஊர் கூடும். சண்டைக்காரர்கள் இருவரும் ஆளுக்கொரு வைக்கோல் துரும்பை எடுத்து எல்லார் முன்னாலும் கிள்ளிப் போடுவார்கள். "உன்னோடு பேசமாட்டேன், உன் முகத்தைப் பார்க்கமாட்டேன், உன் வீட்டையும் பார்க்கமாட்டேன்" என்று மூன்று சத்தியம் செய்வார்கள். மீறினால் அவர்கள் பாத்தியில் உப்பு விளையாதாம். அதனால் யாரும் மீறியதில்லை. மீறியதாக யாரும் சொன்னதில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அப்படித் துரும்பு கிள்ளிய இருவர்தான் குருவம்மாவும் மாடத்தியும். அண்ணனைக் கட்டியவள் குருவம்மா, தம்பியைக் கட்டியவள் மாடத்தி. மாமனார் செத்ததும் சொத்தைப் பிரித்தார்கள். பிரித்து வைக்க வந்த ஊர்ப் பெரியவர்களின் புத்தியை என்னவென்று சொல்ல! வீட்டில் இருந்த ஒரே ஆட்டுக்கல்லையும் நியாயமாகப் பிரித்தார்கள். கல் மூத்தவளுக்கு, குழவி இளையவளுக்கு! அதற்குப் பிறகு அந்த இரண்டு வீட்டிலும் தோசை ஏது? "குழவியைத் தா" என்று ஒருத்தி, "கல்லைத் தா" என்று இன்னொருத்தி. பேச்சு வளர்ந்து, குடுமியைப் பிடிக்கும் வரை போய், துரும்பு கிள்ளியாயிற்று. எதிரெதிர் வீடு. ஆறு வருஷமாக இருவரும் வாசலுக்கு வந்தால் முகத்தைக் கடல் பக்கமாகத் திருப்பிக்கொண்டுதான் நிற்பார்கள்.

ஆனால் ஒன்றை மட்டும் பெரியவர்களால் பிரிக்க முடியவில்லை. கழுதை. அதன் பெயர் பட்டத்தான். சந்தை நாளில் அதன் இடப்பக்கம் மாடத்தியின் உப்பு மூட்டை, வலப்பக்கம் குருவம்மாவின் மூட்டை. இடப்பக்கம் மாடத்தி நடப்பாள், வலப்பக்கம் குருவம்மா நடப்பாள். பேச வேண்டியதையெல்லாம் கழுதையிடம் பேசுவார்கள்.

அந்த வெள்ளிக்கிழமையும் அப்படித்தான் கிளம்பினார்கள்.

"ஏ பட்டத்தான், சில பேரு எந்திரிச்சு வர்றதுக்குள்ள வெயிலு மண்டையப் பொளக்குது பாரு" என்றாள் குருவம்மா.

"ஏ பட்டத்தான், சில பேருக்குப் பிள்ளையக் குளிப்பாட்டித் தூங்க வச்சுட்டு வர்ற வேல இருக்குன்னு சொல்லு. பிள்ள இல்லாதவுகளுக்கு அது எப்படித் தெரியும்?" என்றாள் மாடத்தி.

சொன்ன பிறகுதான் அது எங்கே போய்த் தைக்கும் என்று அவளுக்கே உறைத்தது. குருவம்மாவுக்குக் குழந்தை இல்லை. கழுதையின் அந்தப் பக்கத்தில் அவள் முந்தானையை இழுத்து முகத்தை மூடிக்கொண்டாள். சந்தை வரைக்கும் அதை எடுக்கவில்லை. மாடத்திக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது. ஆனால் துரும்பு கிள்ளியவளிடம் எப்படி மன்னிப்புக் கேட்பது? கழுதை வழியாகக் கேட்கும் வழக்கம் இல்லையே!

சந்தை முடிந்து திரும்பினார்கள். மாடத்தி எட்டிப் போட்டு நடந்தாள். பத்து மாதக் குழந்தை மரிக்கொழுந்தைப் புருஷன் சுடலையிடம் விட்டு வந்திருந்தாள். மேற்கே பனங்காட்டுக்கு மேலே சூரியன் மூன்று பனை உயரத்தில் நின்றது. எல்லைக்கல் வந்தது. எல்லைக்கல்லுக்கு அப்பால் ஊர்?

ஊரைக் காணோம்!

வீடு இல்லை, கிணறு இல்லை, கோயில் இல்லை, ஒரு கோழி இல்லை. பெருக்கித் துடைத்துவிட்ட மாதிரி வெறும் வெள்ளைத் தரை. எல்லைக்கல்லின் மேல் நெட்டையாக ஒருவன் உட்கார்ந்து காலை ஆட்டிக்கொண்டிருந்தான். அவனுடைய இடது கை மட்டும் உடம்போடு ஒட்டியிருந்தது. கக்கத்தில் ஒரு பாய்ச் சுருள்.

"எந்த ஊரம்மா நீங்க?" என்று சிரித்தபடி கேட்டான்.

"இந்த ஊருதான்! அளத்தங்கரை! எங்க ஊரு எங்கய்யா?" என்று கத்தினாள் மாடத்தி.

"ஓ, இதுவா?" என்று அவன் கக்கத்தைக் கொஞ்சம் தளர்த்தினான். பாய்ச் சுருளுக்குள்ளிருந்து சத்தம் வந்தது. ஒரு சேவல் கூவியது. யாரோ இருமினார்கள். அப்புறம் ஒரு குழந்தை அழுதது. அந்த அழுகையை மாடத்தி ஆயிரம் அழுகைக்கு நடுவிலும் கண்டுபிடிப்பாள். பாய்ந்து பிடுங்கப் போனாள். பாயைத் தொட்ட கை காற்றைத் தொட்ட மாதிரி உள்ளே போய் வெளியே வந்தது.

அவன்தான் கக்கத்துமாயன். ஊர்களைப் பாய் மாதிரி சுருட்டிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு போகிற மந்திரவாதி.

"பொழுது விழுந்தால் இந்த ஊர் எனக்கு" என்றான். "அதுவரை மூன்று முடிச்சுப் போடுவேன், மூன்று தரம் கேட்பேன். எந்த ஊர் என்று சொல்லத் தெரியாதவள் கோரைப்புல் ஆகிவிடுவாள். அடுத்த பாய்க்கு எனக்குக் கோரை வேண்டுமே! முதல் தரம் சொல்லிவிட்டாய். சந்தோஷம். இதோ முதல் முடிச்சு."

கயிற்றை எடுத்துப் பாயில் ஒரு முடிச்சுப் போட்டான். மாடத்தியின் தலைக்குள் ஏதோ ஒன்று சுள்ளென்று இழுத்துக்கொண்டு போயிற்று. போனது எது என்று தெரியவில்லை. போனது மட்டும் தெரிந்தது.

இந்த அமளியில் பட்டத்தான் என்ன செய்தது தெரியுமா? மாயன் ஊரைச் சுருட்டும்போது சிந்திய மந்திரப் பொடி தரையில் கிடந்தது. அதை உப்பு என்று நினைத்து நக்கிவிட்டது. நக்கியதும் காதை ஒரு விடைப்பு விடைத்தது, தொண்டையைச் செருமியது, வாயைத் திறந்தது.

"அப்பாடா! ஆறு வருஷம்! இடது காதுல ஒருத்தி, வலது காதுல ஒருத்தி! நான் என்ன உங்க ரெண்டு பேருக்கும் தூது போகவா பொறந்தேன்?"

பெண்கள் இருவரும் அதையே முழித்து முழித்துப் பார்த்தார்கள்.

"முழிச்சது போதும். அவன் பொடி என் வயித்துல இருக்கு, அவன் ரகசியமும் எனக்குத் தெரியும். ஊரைச் சொல்லுங்க! எல்லைக்கல்லுல ஆரம்பிச்சு ஒவ்வொரு வீடா, இருந்தது இருந்தபடி சொல்லுங்க. சரியாச் சொன்னா அது எழும். தப்பாச் சொன்னா சரியும். நாப்பதும் எழுந்துட்டா பாய் தானா அவிழும், சனங்க வெளிய வருவாங்க. ஒண்ணு குறைஞ்சாலும் அத்தனையும் போச்சு!"

மாடத்தி சேலையை இழுத்துச் செருகினாள். "முதல் வீடு தச்சர் வீடு! ஊருக்கெல்லாம் கதவு செய்வாரு, அவரு வீட்டுக்கு மட்டும் பாதிக் கதவு!"

தரை நடுங்கியது. வெள்ளை மண்ணிலிருந்து சுவர் கிளம்பியது, கூரை கிளம்பியது, பாதிக் கதவும் கிளம்பி ஆடியபடி நின்றது! மாடத்திக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது.

"ரெண்டாவது, மூணு ஆட்டைக் கட்டிப் போட்டிருக்கிற வீடு!" எழுந்தது. "மூணாவது, முருங்கை சாஞ்சு பக்கத்து வீட்டுக் கூரையில காய்க்கிற வீடு!" எழுந்தது. "கோயிலு! இடது பக்கம் மணி!" கோயில் எழுந்த வேகத்தில் பொலபொலவென்று சரிந்தது.

"ஏ பட்டத்தான், மணி வலது பக்கம்னு சில பேருக்குச் சொல்லு. இடது பக்கம் நிக்கிறது அரளிச் செடி" என்றாள் குருவம்மா.

"காதுல விழுந்துச்சு" என்றது பட்டத்தான் சலிப்போடு.

"வலது பக்கம் மணி!" என்று மாடத்தி கூவ, கோயில் கம்பீரமாக எழுந்து நின்றது.

அப்புறம் என்ன, ஓட்டம்தான்! நடுவில் கழுதை, இந்தப் பக்கம் ஒருத்தி, அந்தப் பக்கம் ஒருத்தி. இவள் கிணற்றைச் சொன்னால் அவள் ராட்டினத்தின் கிறீச்சைச் சொன்னாள். இவள் வீட்டைச் சொன்னால் அவள் அந்த வீட்டுத் திண்ணையில் படுத்திருக்கும் செவிட்டு நாயைச் சொன்னாள். பத்து வீடு, இருபது வீடு, முப்பது வீடு! ஆறு வருஷமாக ஒரே தெருவில் முகம் திருப்பி நடந்தவர்கள், அந்தத் தெருவை இத்தனை பிரியத்தோடு வைத்திருந்தது அன்றைக்குத்தான் அவர்களுக்கே தெரிந்தது.

சூரியன் இரண்டு பனை உயரத்துக்கு இறங்கியது. மாயன் முன்னால் வந்து நின்றான். முகத்தில் பழைய சிரிப்பு இல்லை.

"எந்த ஊரம்மா நீங்க?"

"அளத்தங்கரை!" என்றாள் மாடத்தி. மூச்சு வாங்கியது. குருவம்மாவும் "அளத்தங்கரை" என்றாள்.

மாயன் இரண்டாவது முடிச்சைப் போட்டான். அதில் புருஷன் பெயர் போயிற்று. இரண்டு பேருமே கவனிக்கவில்லை. ஏனென்றால் அந்த ஊரில் புருஷன் பெயரை வாய்விட்டுச் சொல்லும் வழக்கமே கிடையாது! கொஞ்ச தூரம் போன பிறகுதான், புருஷன் முகமும் சேர்ந்து போய்விட்டது மாடத்திக்குத் தெரிந்தது. மீசை இருந்ததா, இல்லையா? நின்றால் மிச்சமும் போய்விடும் என்று இன்னும் வேகமாகச் சொல்லிக்கொண்டே ஓடினாள்.

முப்பத்தெட்டு வீடு எழுந்தாயிற்று. மீதி இரண்டு. தெருவின் நடுவில், எதிரெதிரே இரண்டு வெற்றிடம்.

மாடத்தி தன் வீட்டுத் தரையில் போய் நின்றாள். வாயைத் திறந்தாள். ஒன்றும் வரவில்லை. எத்தனை படி? கதவு என்ன நிறம்? தினமும் தலை முட்டுகிற நிலைப்படி எந்த உயரம்? எதுவும் இல்லை. எதிரே குருவம்மாவும் தன் இடத்தில் நின்று உதட்டை அசைத்துக்கொண்டிருந்தாள். அவளுக்கும் வரவில்லை.

"முதல் முடிச்சுல போனது அதுதான்" என்றது பட்டத்தான். "அவுகவுக சொந்த வீடு. அதை யாரும் தானாச் சொல்ல முடியாது. எதிராளிதான் சொல்லணும்."

மாயன் தொடையைத் தட்டிச் சிரித்தான். "அதனால்தான் இந்த ஊரைப் பிடித்தேன்! வெளியே இருந்தது இரண்டே பேர். இரண்டு பேரும் துரும்பு கிள்ளியவர்கள். ஆறு வருஷமாக ஒருத்தி வீட்டை ஒருத்தி பார்த்ததில்லை. சொல்லுங்கள் பார்ப்போம்!"

மாடத்தி குருவம்மாவின் வெற்றிடத்தைப் பார்த்தாள். சொல்லலாமா? சொன்னால், பார்த்தேன் என்று ஆகிவிடும். ஊர் முன்னால் செய்த சத்தியம்! பாத்தியில் உப்பு விளையாது, மானமும் போய்விடும். "சில பேரு வீட்ட நான் ஏன் பாக்கேன்?" என்று வாய் தானாக முணுமுணுத்தது. "நானும் ஏன் பாக்கேன்?" என்றது அந்தப் பக்கம்.

"அட மூதேவிகளா!" என்று கழுதை தரையை உதைத்தது. "பொழுது போகுது!"

சூரியன் ஒரு பனை உயரத்தில் சிவந்து நின்றது. மாயன் மூன்றாவது முடிச்சை இறுக்கினான். இறுக்கியபடியே மாடத்தியின் முகத்துக்கு நேரே குனிந்தான்.

"எந்த ஊரம்மா நீ?"

மாடத்தி பதில் சொல்லப் பார்த்தாள். ஊரின் பெயர் இருந்த இடத்தில் ஓட்டை. ஊர் போனால் போகட்டும், உள்ளே அழுத குழந்தை? அவள் பெயர்? பத்து மாதமாக நாளைக்கு நூறு தடவை கூப்பிட்ட பெயர்! அதுவும் இல்லை. மாடத்தி தன் வயிற்றைப் பிடித்துக்கொண்டாள். பாதம் குளிர்ந்தது. குனிந்து பார்த்தால் கால் விரலெல்லாம் பச்சைக் கோரையாக மாறிக்கொண்டிருந்தது. கணுக்கால் பச்சை. கெண்டைக்கால் பச்சை. முழங்கால்...

"ஏட்டி மாடத்தி!"

கழுதைக்குச் சொன்னதல்ல அது. நேராக அவளுக்கே சொன்னது. ஆறு வருஷத்தில் முதல் தடவை.

"மரிக்கொழுந்துட்டி! உன் பிள்ள பேரு மரிக்கொழுந்து! வலது புருவத்துல மச்சம் இருக்குமே, அவ!"

அந்தப் பெயர் காதில் விழுந்ததும் மாடத்திக்கு உயிர் திரும்பி வந்தது. நிமிர்ந்து மாயனின் கண்ணைப் பார்த்தாள். "எந்த ஊருன்னா கேட்டே? மரிக்கொழுந்து இருக்கிற ஊரு என் ஊரு!"

மாயன் திகைத்தான். பதில் தப்பு என்று அவனால் சொல்ல முடியவில்லை. கோரை முழங்காலோடு நின்று, மெல்லக் கீழிறங்கி, பழையபடி காலாயிற்று.

"இவளுக்கு மட்டும் எப்படி ஞாபகம் இருக்கிறது?" என்று அவன் குருவம்மாவைக் காட்டி அலறினான்.

"உன் முடிச்சு, என்னுதுன்னு ஊரறியச் சொன்னதத்தான் பிடுங்கும்" என்றது பட்டத்தான். "ஒளிச்சு வச்சதப் பிடுங்க அதுக்குத் தெரியாது."

மாடத்தி ஓரகத்தியைப் பார்த்தாள். "அக்கா, மச்சம் எப்படித் தெரியும் உனக்கு?"

"ஆமா, பாத்தேன்! தினமும் பாத்தேன்! இப்ப என்னாங்கே?" என்று சீறிய குருவம்மா, மூச்சைப் பிடித்துக்கொண்டு ஆரம்பித்தாள். "மூணு படி உன் வீட்டுக்கு. நடுப்படி விரிசல்ல ஒரு தும்பைச் செடி, நீ பிடுங்குறதே இல்ல. கதவுக்குப் பச்சச் சாயம். கூரையில மேக்கு மூலையில மட்டும் ஓலை புதுசு, மத்ததெல்லாம் பழசு. சன்னல்ல அந்தக் குழவிக்கல்ல மஞ்சத்துணி சுத்தி நிறுத்தி வச்சிருக்க, சாமி மாதிரி!"

படி எழுந்தது, கதவு எழுந்தது, கூரை எழுந்தது!

"உத்தரத்துல ஊதாச் சேலையில தொட்டிலு. உன் கல்யாணச் சேல. நீ தாலாட்டுப் பாட மாட்ட, ஒண்ணு ரெண்டுன்னு எண்ணுவ. எம்பதுல பிள்ள தூங்கிரும். தொண்ணூறுல நீயும் தூங்கிருவ!"

வீடு முழுசாக, உறுதியாக நின்றது. முப்பத்தொன்பது.

மாயனின் குரல் திடீரென்று தேனாயிற்று. "மாடத்தி, உன் வீடு வந்துவிட்டது. இதோ, உன் பிள்ளையையும் தருகிறேன். முப்பத்தொன்பது வீட்டையும் நீயே வைத்துக்கொள். அந்த ஒரு வீட்டை மட்டும் சொல்லாதே. யார் வீடு அது? உன்னோடு குடுமிப்பிடி போட்டவள் வீடுதானே?"

பாயின் ஓரத்திலிருந்து ஒரு சின்னக் கை வெளியே நீண்டது. வளையலோடு மாடத்தியின் பக்கம் நீண்டது.

குருவம்மா முகத்தைக் கடல் பக்கம் திருப்பிக்கொண்டாள். "வாங்கிக்கோட்டி" என்றாள். "பிள்ளைய வாங்கிக்கோ. எனக்கென்ன, பிள்ளையா குட்டியா?"

மாடத்திக்குக் கண்ணீர் முட்டியது. அந்தச் சின்னக் கையைப் பிடிக்க உடம்பு முழுவதும் துடித்தது. பொழுதோ பனங்காட்டின் தலையைத் தொட்டுவிட்டது.

"முடியாது" என்றாள். "என் வாசல்ல நின்னா எதிர்ல அந்த வீடு தெரியணும். தெரிஞ்சாத்தான் அது என் வாசல். இல்லாட்டி அது வேற யாரு வீடோ!"

சொல்லிவிட்டு, அடைமழை மாதிரி கொட்டினாள்.

"ரெண்டு படி! வாசல்ல ஆட்டுக்கல்லு, அதோட குழியில மழத்தண்ணி! சிட்டுக்குருவி வந்து குளிக்கும், நீ விரட்ட மாட்டே! சாம்பல் பூசின சுவரு! கதவுல கண்ணு உயரத்துக்கு ஒரு ஓட்ட!"

"ஓட்டையா?" என்று குருவம்மா திரும்பினாள்.

"ஆமா! நீ பின்னால நிக்கிறப்ப ஓட்ட கறுப்பா இருக்கும், நீ இல்லாதப்ப வெளிச்சம் தெரியும். நீ பாக்கேன்னு எனக்கு அப்பவே தெரியும்க்கா! அதுக்குத்தான் தொட்டில உன் கண்ணுல படுற பக்கமா மாத்திக் கட்டினேன்!"

குருவம்மா சேலை முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். எதிரே அவள் வீடு எழுந்தது. எழுந்ததே தவிர நிலைக்கவில்லை. சுவரெல்லாம் ஆடியது. சூரியனில் ஒரு கீற்றுதான் பாக்கி.

"இன்னும் ஒண்ணு! இன்னும் ஒண்ணு விட்டுப்போச்சு!" என்று கழுதை கத்தியது.

மாடத்தி கண்ணை இறுக மூடினாள். தன் வாசலில் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு நிற்பதாக நினைத்துக்கொண்டாள். எதிரே என்ன தெரியும்?

"என் பிள்ள அழுதா நீ வாசலுக்கு வந்துருவ! முகத்தக் கடல் பக்கம் திருப்பிக்கிட்டு நிப்ப. சத்தியத்த மீற மாட்ட. ஆனா உன் கால் மட்டும் ஆடும்க்கா. தொட்டில ஆட்டுற மாதிரி, முன்னால பின்னால, அது பாட்டுக்கு ஆடும். பிள்ள அழுகைய நிறுத்துற வரைக்கும் ஆடும்!"

சுவர் நின்றது. நாற்பதாவது வீடு நின்றுவிட்டது!

படீர் என்று மூன்று முடிச்சும் அறுந்தன. பாய் மாயனின் கக்கத்திலிருந்து நழுவி, தெரு நீளத்துக்கு உருண்டு விரிந்தது. விரிந்த பாயிலிருந்து சனங்கள் எழுந்தார்கள், ஆடுகள் எழுந்தன, செவிட்டு நாய் எழுந்து சோம்பல் முறித்தது. மாடத்தியின் புருஷன் மரிக்கொழுந்தைத் தோளில் போட்டபடி, "ஏன் எல்லாரும் தெருவுல நிக்கிறீங்க?" என்று கேட்டான். மீசை இருந்தது! மாடத்தி பிள்ளையை வாங்கி மூச்சுத் திணறத் திணற முத்தமிட்டாள்.

மாயனின் மடியிலிருந்து இன்னும் ஆறு சின்னச் சுருள்கள் விழுந்தன. முன்பு அவன் திருடிய ஊர்கள். மாயம் அறுந்ததும் ஐந்து சுருள்கள் காற்றில் ஏறி ஐந்து திசையில், தங்கள் தங்கள் இடத்துக்குப் பறந்தன. ஆறாவதை மட்டும் அவன் பாய்ந்து பிடித்து மார்போடு அணைத்துக்கொண்டான். பூஞ்சை பிடித்த, விரல் அளவுப் பாய்.

"அது யாரு ஊரு?" என்று மாடத்தி கேட்டாள்.

மாயன் தரையில் உட்கார்ந்துவிட்டான். மந்திரம் போன பிறகு அவன் வெறும் ஒல்லி மனிதன். "தெரியாது" என்று அழுதான். "முதன்முதலில் சுருட்டியது இது. ஒரு கோபத்தில் சுருட்டிவிட்டேன். வெளியே நான் ஒருவன்தான் இருந்தேன். அப்புறம் எல்லாம் மறந்துபோயிற்று. எத்தனை ஊரில் போய் உட்கார்ந்து பார்த்தேன், ஒன்றிலும் என்னை யாருக்கும் தெரியவில்லை."

அவன் பேசிக்கொண்டிருக்கும்போதே அந்தப் பூஞ்சைப் பாய் லேசாக அவிழ்ந்தது. உள்ளேயிருந்து ஒரு பெண் குரல் ஓங்கி வந்தது. "எலே பொன்னுப்பாண்டி! எங்கலே போய்த் தொலைஞ்சே? கஞ்சி ஆறிக் கட்டியாப் போச்சு!"

மாயனின் முகம் மாறியதைப் பார்க்க வேண்டுமே! "வந்துட்டேன்க்கா!" என்று குதித்து எழுந்தான். பாய் அவன் கையிலிருந்து துள்ளித் தெற்கே பறந்தது. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு அதன் பின்னாலேயே ஓடினான். அடிக்கக் கம்பு எடுத்து வந்த ஊர்க்காரர்கள் கம்பைக் கீழே போட்டுவிட்டு அவன் போவதையே பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

சத்தியத்தை மீறியதற்கு என்ன தண்டனை என்று ஊர் கூடியது. ஊர்த்தலைவர் கனைத்துக்கொண்டு, "வேற யாராச்சும் பாத்ததுண்டா?" என்று கேட்டார். ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒரு கை எழுந்தது. இரண்டு எழுந்தது. கடைசியில் துரும்பு கிள்ளிய அத்தனை பேரும் கையைத் தூக்கிக்கொண்டு நின்றார்கள், தலைவர் உட்பட! அந்த வருஷம் அளத்தங்கரைப் பாத்திகளில் விளைந்த உப்பை அள்ள மூட்டை போதவில்லை என்று சொல்லுவார்கள். பட்டத்தானுக்கு மறுநாளே பொடி இறங்கிப் பேச்சு நின்றுபோயிற்று. அதற்கு அதில் வருத்தம் ஒன்றும் இல்லை.

ஆனால் அன்று மாலையே நடந்த ஒன்றைச் சொல்லாமல் கதையை முடிக்கக் கூடாது.

"உள்ள வாக்கா" என்றாள் மாடத்தி. குருவம்மா மூன்று படியையும் ஏறினாள். ஆறு வருஷமாக எண்ணி வைத்திருந்த படிகள், ஏறியது இப்போதுதான். உட்கார்ந்து கையை நீட்டினாள். மாடத்தி பிள்ளையை அந்த மடியில் வைத்தாள். "காலையில நான் சொன்னது..." என்று ஆரம்பித்தவளை, "சும்மா கெட" என்று அடக்கிவிட்டு, குருவம்மா குனிந்து பிள்ளையின் முகத்தை நேருக்கு நேராகப் பார்த்தாள்.

மரிக்கொழுந்து வீல் என்று அலறினாள்! யாரோ புது ஆள்! கையைக் காலை உதறி, முகமெல்லாம் சிவந்து ஊரே கேட்க அழுதாள். மாயனுக்குப் பயப்படாத குருவம்மா அந்த அழுகைக்குப் பயந்து போனாள். கண் நிறைந்துவிட்டது. அழுவதைக் குழந்தை பார்க்க வேண்டாம் என்று முகத்தைக் கடல் பக்கம் திருப்பிக்கொண்டாள்.

அழுகை சட்டென்று நின்றது.

பிள்ளை அந்தப் பக்க முகத்தையே உற்றுப் பார்த்தாள். இந்தக் காது, இந்தக் கன்னம், பாதி தெரிகிற இந்த மூக்குத்தி. பிறந்த நாளிலிருந்து எதிர் வாசலில் பார்த்த ஆள்! மரிக்கொழுந்து பொக்கை வாயைத் திறந்து சிரித்தாள். எக்கி, குருவம்மாவின் கன்னத்தில் கையை வைத்து, அந்த முகத்தை மெல்ல மெல்லத் தன் பக்கம் திருப்பினாள்.

அளத்தங்கரை போய் வந்தவர்கள் எனக்குச் சொன்னதை உங்களுக்குச் சொல்லிவிட்டேன். அவர்களும் சுகம், கேட்ட நீங்களும் சுகம்.